ஏழு விக்கெட்டும் ஒரு நூல் கயிறும்

முத்துமாரி செக்ரட்டரி ஆனதுலருந்து எனக்கு இருப்புக் கொள்ளல. வாசல்ல நிக்கேன், உள்ள வாரேன், சோத்தை வடிக்கேன், மறுபடி வாசலுக்குப் போறேன். "எம்மா, ஒரு எடத்துல உக்காரு, ஒன்னயப் பாத்தா எனக்குத் தலை சுத்துது"ன்னு மக ஏசுதா. எப்படி உக்கார? நான் வெரட்டி வெரட்டிப் பந்து பொறுக்க வச்ச புள்ள, இன்னைக்கு எங்க வெளையாட்டுக் கழகத்துக்கே செக்ரட்டரி! கிரிக்கெட்டும் ஆடுனா, ரக்பியும் ஆடுனா, பொறவு ரெண்டையும் சொல்லிக் குடுத்தா, இப்ப ரெண்டுக்கும் கையெழுத்துப் போடுதா. எனக்கு அவ கையெழுத்தைப் படிக்கத் தெரியாது. ஆனா நல்லா நீளமா, கடைசில ஒரு கோடு இழுத்துப் போடுதா. பாத்தேன்.

போன வாரம் அவகிட்ட டிரெய்னிங் எடுக்குத பிள்ளைக நாலு பேரு என் வீட்டுக்கு வந்துதுக. "ஆச்சி, ஒங்களுக்கு அளக்குத டேப்பு கூடப் பாக்கத் தெரியாதாமே, பொறவு எப்படி இருபத்தஞ்சு வருசம் கிரிக்கெட் பிச்சு போட்டீங்க? அக்கா கிட்ட கேட்டா, போயி ஆச்சிக்கிட்டயே ஏழு விக்கெட் கதையக் கேளுங்கன்னு சொல்லிட்டு சிரிக்காங்க"ன்னுதுக. அவளா சிரிக்கா? அந்தக் கதைய அவ வாயால சொன்னதே கெடையாது. சரி, சிரிக்காள்ளா, இனிமே நான் சொல்லலாம். நான் சொல்லச் சொல்ல பேத்தி போன்ல அடிக்கா. தப்பு இருந்தா அவளை வையுங்க.

நான் மொதல்ல நடவுக்காரி. வாசுதேவநல்லூர்ல பொறந்து தென்காசிக்கு வாக்கப்பட்டவ. நாத்து நடுவேன், களை பறிப்பேன். எங்க வீட்டுக்காரரு போன பொறவு, கிரவுண்டுல புல்லறுக்க ஆள் வேணும்னாங்க. பத்து நாள் சோலின்னு போனவ, முடி நரைக்க வரைக்கும் அங்கனயே கெடந்தேன். உருளை இழுக்கது, பாய் விரிக்கது, ஆணி அடிக்கது, எல்லாம் பாத்துப் பாத்துப் படிச்சதுதான். அதை விடுங்க.

சாரைப் பத்திச் சொல்லணும். வெள்ளைப்பாண்டி சார். பட்டாளத்துல இருந்து வந்தவரு. அங்க ரக்பி ஆடியிருக்காரு, கிரிக்கெட்டும் ஆடியிருக்காரு. இங்க வந்து கோச்சு ஆனாரு, பொறவு அவரே செக்ரட்டரி. வலது காது வெயில்ல காஞ்ச சுண்டவத்தல் கணக்கா சுருண்டு கெடக்கும். குண்டு வெடிச்சு போன காதுன்னு நான் தெருவெல்லாம் சொல்லி வச்சிருந்தேன். நாலு வருசம் கழிச்சு மெதுவாக் கேட்டா, "ரக்பில தலையோட தலை முட்டித் தள்ளும்போது நசுங்குனது இசக்கியம்மா"ங்காரு! ஆட்டத்துல போன காதாம். நான் போயி எத்தனை பேருகிட்ட மாத்திச் சொல்ல? அப்படியே விட்டுட்டேன். எங்க தெருவுல இன்னும் அது குண்டு பட்ட காதுதான்.

சாருக்குக் கோவம் வராது. கோவம் வந்தாத் தேவலன்னு நாமளே நினைப்போம். ஏதாவது தப்புன்னு போயிச் சொன்னா, மூஞ்சியவே பாத்துட்டு, "வேற?"ம்பாரு. அம்புட்டுதான். நாம இன்னும் கொஞ்சம் சொல்லுவோம். "வேற?" கடைசில வயித்துல உள்ளதைப் பூராம் கக்கிட்டுத்தான் வெளிய வரணும். வாட்ச்மேன் பரமசிவம் ஒரு நாள் மட்டை ஒண்ணைக் காணலன்னு புகார் சொல்லப் போனாரு. மூணாவது "வேற?"ல, தார்ப்பாயை மச்சினன் கல்யாணப் பந்தலுக்குக் குடுத்ததை ஒத்துக்கிட்டு வந்தாரு. மட்டை கடைசி வரைக்கும் கெடைக்கல.

இப்ப கயிறு. மொத நாளு சார் எங்கிட்ட டேப்பைக் குடுத்து, ஸ்டம்புக்கு ஸ்டம்பு அறுபத்தாறு அடி புடிங்கன்னாரு. அந்த டேப்புல நம்பரெல்லாம் எனக்கு எறும்பு ஊருத மாதிரி இருந்துச்சு. முழிச்சேன். அவரு கடைத்தெருவுக்குப் போயி நீல நைலான் கயிறு வாங்கிட்டு வந்தாரு. நல்ல சித்திரை வெயிலு. அவரே டேப்பை வச்சு அளந்து, ரெண்டு தலைமாட்டுலயும் முடிச்சுப் போட்டு சிவப்புத் துணி கட்டுனாரு. அதுதான் ஸ்டம்பு நடுத எடம். ரெண்டு பக்கமும் நாலடி உள்ள தள்ளிப் பச்சைத் துணி. அங்கன வெள்ளைக் கோடு. "நடவுல கயிறு புடிச்சிருப்பீங்கள்ளா? அதே மாதிரி"ன்னாரு. எனக்குப் பொசுக்குன்னு புரிஞ்சிட்டு. வயல்ல வரிசை கோணாம நடுததுக்கு எத்தனை நாளு கயிறு புடிச்சிருப்பேன்!

பிச்சு போடுதது இப்படித்தான். அதிகாலையில போயி மண்ணை உள்ளங்கையால தட்டிப் பாப்பேன். தொப்புன்னு சத்தம் கேட்டா ஈரம், டொக்குன்னு கேட்டா சரி. உருளைய எட்டு வாட்டி இழுக்கணும். பந்து குத்துத தேங்கா நாருக் கயித்துப் பாயை மலைப்பக்கம் இருந்து விரிக்கணும், ஏன்னா காத்து மலைல இருந்துதான் வரும், எதுத்து விரிச்சா பாய் உங்க மூஞ்சில அறையும். ஓரத்துல ஆணி. பொறவு கயிறு. கயித்தை இழுத்துப் புடிச்சு, சிவப்புக்கு நேரா ஸ்டம்புக்குக் குழி, பச்சைக்கு நேரா சுண்ணாம்புக் கோடு. எல்லாம் முடிஞ்ச பொறவு எனக்குன்னு ஒரு கணக்கு. குதிகாலையும் விரலையும் ஒட்ட வச்சு இந்தக் குழிக்கும் அந்தக் குழிக்கும் நடப்பேன். எண்பத்தெட்டு பாதம். என்னைக்கும் எண்பத்தெட்டுதான். படிக்கத்தான் தெரியாது, எண்ணத் தெரியும்லா?

பத்து வருசத்துல நைலான் நைஞ்சு போச்சு. கையவும் அறுக்கும் அந்தச் சவம். ஒரு பங்குனி மாசம், சார்கிட்ட சொல்லாமலே, நல்ல மெத்து மெத்துன்னு ஒரு நூல் கயிறு வாங்குனேன். பழசையும் புதுசையும் பக்கத்துல பக்கத்துல தரையில போட்டு, முடிச்சுக்கு நேரா முடிச்சு, துணிக்கு நேரா துணி. ஒரு விரக்கடை பெசகல. சார்கிட்ட சொன்னா டேப்பு படிக்கச் சொல்லுவாருன்னு பயம். கைக்கு என்ன சொகம்ங்கீங்க! பூ மாதிரி இருக்கும்.

நடுவுல அந்தப் பப்பாளிக்கா பந்தைச் சொல்லாம விடக் கூடாது. எங்க ஊர்ல ஆனி ஆடி வந்தா சாரலு. மழைன்னு சொல்ல முடியாது, வெயில்னும் சொல்ல முடியாது, நாள் பூராம் நசநசன்னு தூறிக்கிட்டே கெடக்கும். ஊர் உலகமெல்லாம் குற்றாலத்துக்குக் குளிக்க வரும், எங்க பிள்ளைக கிரிக்கெட் ஆட முடியாம ஷெட்டுல குத்த வச்சிருக்கும். சார் பாத்தாரு. பப்பாளிக்கா கணக்கா நீளமா ஒரு ரக்பி பந்தைக் கொண்டாந்தாரு. "இதுக்கு மழைதான் நல்லது"ன்னுட்டு பொட்டப் பிள்ளைகள சகதில எறக்கி விட்டுட்டாரு. பந்தைத் தூக்கிக்கிட்டு முன்னால ஓடணும். ஆனா குடுக்கும்போது பின்னால வாரவகிட்டதான் குடுக்கணுமாம். "இது என்ன கூத்து சார், முன்னால போறதுக்குப் பின்னால குடுக்கதா?"ன்னு நான் சிரிச்ச சிரிப்புல அன்னைக்கு வடிச்ச காப்பி ஆறிப் போச்சு. முத்துமாரிக்கு அப்ப பதினாறு வயசு. அவ அம்மாவும் நடவுக்காரிதான், என்கூட சேத்துல நின்னவ. மத்ததெல்லாம் சகதியப் பாத்து "அய்ய"ன்னுச்சு. இவ எறங்குனவ, மூணு பேரு காலைக் கட்டிப் புடிச்சும் இழுத்துக்கிட்டே ஓடுனா. சார் அன்னைக்குத்தான் எனக்குத் தெரிஞ்சு கை தட்டுனாரு. ஆனா அவளுக்கு அதெல்லாம் வெளையாட்டுக்கு. மனசு பூராம் வேகப்பந்து. கிரிக்கெட்டுல மாநில டீம்ல ஒரு எடம். வேற நினைப்பே கெடையாது.

நான் கயிறு மாத்துன அந்த வருசமே ஆடி மாசம், பெரிய ஊர் டீம் ஒண்ணு எங்க கிரவுண்டுக்கு வந்து பொட்டப் பிள்ளைக ஆட்டம் ஆடுச்சு. மாநில டீமுக்கு ஆள் எடுக்க மூணு பேரு வந்தாங்க. நாலு வருசமா சார் அலைஞ்சு அலைஞ்சு வாங்குன ஆட்டம். சனிக்கிழமை ஆட்டம், ஞாயித்துக்கிழமை சாயந்திரம் தேறுனவங்க பேரு போயிரும்னு பேச்சு. அதுக்கு முந்தின நாலு நாளும் விடாத சாரலு. ஷெட்டு ஓட்டுல ஒழுகி, எல்லாம் நனைஞ்சு கெடந்துச்சு. சனிக்கிழமை விடியல்ல லேசா வெறிச்சுது. ஓடுனேன், தட்டுனேன், உருட்டுனேன், விரிச்சேன், கயிறு புடிச்சேன், கோடு போட்டேன். அன்னைக்கும் கால் வச்சு நடந்தேன். அதைக் கடைசில சொல்லுதேன்.

ஆட்டம் எப்படி போச்சுங்கீங்க? முத்துமாரி போட்ட பந்து ஒவ்வொண்ணும் பாம்பு சீறுத மாதிரி எழும்புது. அந்த டீம் பிள்ளைக மட்டையத் தூக்கதுக்குள்ள ஸ்டம்பு தெறிக்குது. ஏழு விக்கெட்! தனியா ஏழு. ஆளெடுக்க வந்தவங்கள்ல குண்டா ஒருத்தரு, குடையை மடக்கிட்டு எந்திரிச்சே நின்னுட்டாரு. அவ அம்மா வேலிக்கு வெளிய நின்னு அழுதா. நான் சுண்ணாம்பு வாளியைத் தட்டித் தட்டி ஆடுனேன். முத்துமாரி ஓடி வந்து, "ஆச்சி, நீங்க போட்ட பிச்சு!"ன்னு என்னயத் தூக்கிட்டா. தூக்கிட்டாங்கேன்!

மறுநாள் காலையில சுள்ளுன்னு வெயிலு. சாரல் மாசத்துல அப்படி ஒரு நாள் வரும். பயலுக ஆட்டம் ஒண்ணு இருந்துச்சு. முந்தின நாள் சாயந்திரமே கயித்தை ஷெட்டு கம்பில காயப் போட்டிருந்தேன். எடுத்துட்டு வந்து புடிக்கேன். இந்தப் பக்கம் சிவப்பு முடிச்சு குழியில இருக்கு. அந்தப் பக்கம் போயிப் பாத்தா, முடிச்சு நேத்துக் குழியத் தாண்டி அங்கன கெடக்கு. ஒண்ணரை அடி. எவனோ குழிய மாத்தித் தோண்டிட்டான்னு நினைச்சு பரமசிவத்தை வஞ்சேன். "எனக்கு எதுக்கு ஆச்சி குழி? நான் என்ன பெருச்சாளியா?"ன்னாரு. இன்னொரு வாட்டி புடிச்சேன். அதே ஒண்ணரை அடி. அப்பதான் கையில கயிறு காஞ்சு தொளதொளன்னு தொங்குதது தெரியுது. நேத்து அது கம்பி மாதிரி விறைச்சு நின்னுச்சு.

மழை பெஞ்சா துணி காயப் போடுத கொடிக்கயிறு இழுத்துக்கிட்டு நிக்கும், தெரியாதா எனக்கு? சின்னப் பிள்ளைக்குத் தெரியும். வயல்லயும் நனைஞ்ச கயிறுதான் புடிச்சோம். அங்க அரையடி கொறைஞ்சா நாத்து வந்து கேக்கவா போவுது? அந்தப் புத்திதான். நூல் கயிறு நாலு நாளு சாரலைக் குடிச்சு சுருங்கிட்டு. முத்துமாரி ஏழு விக்கெட் எடுத்தது அறுபத்தாறு அடியில இல்ல. ஒண்ணரை அடி கொறைஞ்ச பிச்சுல.

பயலுகளுக்கு சரியா பிச்சு போட்டுக் குடுத்துட்டு, ஷெட்டுக்கும் வேலிக்கும் நடக்கேன். சொல்லாம விட்டா யாருக்குத் தெரியும்? நாலு மணிக்குப் பேரு போயிரும். அந்தப் பிள்ளை கரையேறிரும். ஆனா மாநில டீம்ல போயி சரியான பிச்சுல நின்னு அவ பந்து போட்டா? "இதுவா ஏழு விக்கெட் எடுத்துச்சு?"ன்னு அங்கன ஒருத்தன் கேட்டா? வெத்தலை போட்டேன், ருசிக்கல. கயித்தை ஒரு பைக்குள்ள திணிச்சேன், பஸ் ஏறுனேன்.

ஞாயித்துக்கிழமை காலையில சார் ஐந்தருவில எண்ணெய் தேச்சுக் குளிப்பாரு. பட்டாளத்துல ஒடஞ்ச காறை எலும்பு, சாரல் வந்தா வலிக்கும். பஸ்ல மூச்சு விட எடமில்ல, ஒரு பொம்பளை என் மடியில பிள்ளைய உக்கார வச்சுட்டா, அது என் பைக்குள்ள கைய விட்டு சிவப்புத் துணியப் புடிச்சு இழுக்கு. எறங்குனா ஒரே பஜ்ஜி வாசமும் எண்ணெய் வாசமும். ஆம்பளைக எண்ணெய் தேய்க்க எடத்துக்கு நேராப் போயிட்டேன். சார் கல்லுல குப்புறக் கெடக்காரு, கோவணத்தோட. முதுகுல சுடலைமுத்து ஏறி அமுக்குதான். அவன் அங்கன வருசக்கணக்கா எண்ணெய் தேய்க்கவன்.

"ஆச்சி, இது ஆம்பளைக பக்கம்"னான்.

"எனக்குக் கண்ணு இருக்குலே. அதான் அருவியப் பாத்து நிக்கேன். நீ ஒன் சோலியப் பாரு."

சார் கல்லுல இருந்தே, "யாரு, இசக்கியம்மாவா? கிரவுண்டுல தீப்பிடிச்சிட்டா?"ன்னாரு.

"தீன்னா நானே அணைச்சிருப்பேன் சார். நேத்து பிச்சு ஒண்ணரை அடி கொறைச்சல்."

சுடலைமுத்து கை நின்னுச்சு. "நீ தேய்லே"ன்னாரு சார். பொறவு எனக்கு, "வேற?"

"கயிறு நனைஞ்சு சுருங்கிட்டு சார்."

"நைலான் சுருங்காதே. வேற?"

"நைலான் இல்ல சார். நான் நூல் கயிறு மாத்திட்டேன். ஒங்ககிட்ட சொல்லல. டேப்பு படிக்கச் சொல்லுவீங்கன்னு பயந்து."

"வேற?"

நான் அருவியவே பாத்துக்கிட்டு நின்னேன். அஞ்சு பக்கமா விழுத தண்ணி. "ஒண்ணுமில்ல சார்"னேன்.

அவரு எந்திரிச்சு துண்டைக் கட்டிக்கிட்டு, "கயித்தைக் குடுங்க"ன்னாரு. அங்கன படிக்கட்டு ஓரத்துல நீளமா கம்பித் தடுப்பு. கயித்தை அதுல இழுத்துப் புடிச்சாரு, ஒரு தலைப்பு சுடலைமுத்து, ஒரு தலைப்பு நான். சிவப்பு முடிச்சு நிக்க எடத்துல எண்ணெய் விரலால ரெண்டு பக்கமும் ஒரு பொட்டு வச்சாரு. குளிக்க வந்தவன் ஒருத்தன், "அண்ணாச்சி, அருவிய அளந்து பிளாட்டு போட்டு விக்கப் போறீங்களா?"ங்கான். சார் சிரிக்கல. கயித்தை அருவித் தண்ணில ஒரு காப்பி குடிக்க நேரம் ஊறப் போட்டாரு. மறுபடி புடிச்சோம். இந்தப் பக்கம் பொட்டுல இருக்கு, அந்தப் பக்கம் முடிச்சு பொட்டை எட்டல.

"சரி. நான் தலைய நனைச்சுட்டு வாரேன்"னு அருவிக்குள்ள போயிட்டாரு. நின்னேன், நின்னேன். ஒரு ஆளு ஒரு அருவிக்குள்ள அம்புட்டு நேரம் நின்னு நான் பாத்ததில்ல. சுடலைமுத்து, "அண்ணாச்சி எண்ணெயப் போக்கல ஆச்சி, ரோசனை பண்ணுதாரு"ன்னான்.

ஆளெடுக்க வந்த மூணு பேரும் குற்றாலத்துல லாட்ஜுலதான் இருந்தாங்க. வந்த டீமும் அங்கனதான், அருவில குளிக்காம எவன் ஊருக்குப் போவான்? சார் ஈரத் தலையோட நேரா அங்க போனாரு, நான் பின்னால பையோட. சார் சொல்லச் சொல்ல அந்தக் குண்டு ஆளு முகம் வாடிட்டு.

"சார், நாங்க கேக்கவே இல்லியே? ரெண்டு டீமும் அதே பிச்சுலதான ஆடுச்சு?"

"ஆமா. ஆனா நீங்க எழுதி வச்சிருக்கது ஏழு விக்கெட். அது அறுபத்தாறு அடியில எடுத்த ஏழு இல்ல. கயிறு கட்டிக் குடுத்தது நான். பத்து வருசமா ஒரு நாள் கூட டேப்பு வச்சு சரி பாக்காததும் நான். இனிமே இங்க ஆட்டம் குடுக்காதீங்கன்னாலும் சரி."

என் பேரு வரல. நான் வாயத் தொறந்தேன், அவரு திரும்பிப் பாத்தாரு, மூடிட்டேன். கடைசில பேரு அனுப்புதத ஒரு நாள் தள்ளி வச்சு, திங்கக்கிழமை மறுபடி ஆட்டம்னு முடிவாச்சு.

முத்துமாரிகிட்ட நானே சொல்லணும்னு நினைச்சேன். சாயந்திரம் அவ வீட்டுக்குப் போனா, ஊரெல்லாம் இனிப்பு குடுத்துட்டு வந்து நிக்கா. சொன்னேன். அவ மூஞ்சி கல்லு மாதிரி ஆயிட்டு.

"யாரு கேட்டா ஆச்சி ஒங்ககிட்ட? யாராவது கேட்டாங்களா?"

"இல்லட்டி."

"பொறவு எதுக்குச் சொன்னீங்க? மூதி, நான் என்ன பண்ணுனேன் ஒனக்கு?"

மூதின்னுட்டா. அவ அம்மா அவளை அடிக்கப் போனா, நான்தான் தடுத்தேன். அடி விழுந்தா எனக்குல்லா விழணும்.

திங்கக்கிழமை சார் டேப்பை வச்சு அளந்தாரு. நான் கோடு போட்டேன். முத்துமாரி ஓடி வந்து போட்ட மொதப் பந்து, சனிக்கிழமை குத்துன எடத்துலதான் குத்துச்சு. ஆனா மட்டை புடிச்ச பொண்ணுக்கு இப்ப நேரம் இருந்துச்சு. பின்னால போயி அடிச்சுட்டா. நாலு. அடுத்த பந்தும் நாலு. அன்னைக்கு முழுக்க ஒரே ஒரு விக்கெட். எங்க டீம்ல வேற ரெண்டு பேரு பேரு போச்சு. முத்துமாரி பேரு போவல.

நாலு மாசம் அவ என்கூடப் பேசல. கிரவுண்டுக்கு வருவா, என்னய ஸ்டம்பு மாதிரி பாத்துட்டுப் போவா. பந்தைக் கையில எடுக்க மாட்டேன்னுட்டா. சார் ஒண்ணும் கெஞ்சல. ஐப்பசி மழையில ஒரு நாள் அந்தப் பப்பாளிக்கா பந்தைத் தூக்கி அவ நெஞ்சுல எறிஞ்சாரு. அவ புடிச்சா. கோவத்துல ஓடுனா பாருங்க, அம்மாடி! நாலு பேரு வெரட்டியும் ஒருத்தருக்கும் சிக்கல. அதுலதான் மாநில டீமுக்குப் போனா. பொறவு போலீஸ் வேலை. அங்க ரக்பியும் ஆடுனா, கிரிக்கெட்டும் ஆடுனா. ரெண்டு பல்லு போச்சு, காறை எலும்பு ஒடைஞ்சுது, அதுவும் சாருக்கு ஒடைஞ்ச அதே பக்கம். முட்டி போன பொறவு இங்க வந்து கோச்சு. என்கூடப் பேசுவா, ஊட்டி விடுவா, ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போவா. ஆனா அந்த ஒண்ணரை அடிய அவளும் எடுக்க மாட்டா, நானும் எடுக்க மாட்டேன். சார் போயி ஆறு வருசம் ஆவுது. அவரு கடைசியாக் கேட்ட அந்த "வேற?" எனக்குள்ளயே கெடந்துச்சு.

மூணு வாரத்துக்கு முந்தி, அவ செக்ரட்டரி ஆன பொறவு மொத ஆட்டம். "ஆச்சி, வாங்க"ன்னு ஆட்டோ அனுப்புனா. போனா, பிச்சு இருக்க எடத்துல பச்சையா ஒரு பிளாஸ்டிக் விரிப்பு. தண்ணி வேண்டாம், உருளை வேண்டாம், ஆணி வேண்டாம். அளக்கதுக்குச் சோப்புக்கட்டி மாதிரி ஒரு மிஷினு, சிவப்பா ஒரு பொட்டு அடிக்குது, அந்தப் பக்கம் போயி விழுது. கயிறுமில்ல ஒண்ணுமில்ல. எனக்கு ஒரே சந்தோசம், அந்தப் பொட்டைப் புடிக்கப் பூனை மாதிரி ஓடுதேன், பிள்ளைக சிரிக்குதுக.

பொறவு செருப்பைக் கழட்டிட்டு, குதிகாலும் விரலும் ஒட்ட வச்சு நடந்தேன். பழக்கம், காலு கேக்கல. எண்பத்தெட்டு. சரியா எண்பத்தெட்டு. அங்கனயே நின்னுட்டேன். முத்துமாரி பக்கத்துல வந்தா.

"என்ன ஆச்சி, கொறையுதா?"

"இல்லட்டி. சரியா இருக்கு. ஒங்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

அவ என் மூஞ்சியப் பாத்தா. "வேற?"ன்னா.

நான் இன்னும் ஒண்ணுமே சொல்லல, பாத்துக்கிடுங்க! அதுக்குள்ள "வேற?"ங்கா. சாரே வந்து நிக்க மாதிரி இருந்துச்சு. கொட்டிட்டேன்.

"அன்னைக்கு ஆட்டத்துக்கு முன்னாலயும் இப்படித்தான் நடந்தேன். எண்பத்தாறுலயே குழி வந்துட்டு. தப்பா எண்ணிட்டேன்னு நினைச்சுக்கிட்டேன். அம்பயர் வந்துட்டாங்க, காசு சுண்டப் போறாங்க, சார் நாலு வருசம் அலைஞ்ச ஆட்டம். வாய மூடிட்டேன். ஒரு பந்து விழுததுக்கு முன்னாலயே எனக்குத் தெரியும்ட்டி. சாரு மூணு வாட்டி கேட்டும் அதைச் சொல்லல. அப்பவே சொல்லியிருந்தா ஒனக்கு ஏழும் வந்திருக்காது, அதைப் பறிச்சதும் இருந்திருக்காது."

அவ குனிஞ்சு அந்தப் பிளாஸ்டிக் புல்லைத் தடவிக்கிட்டே இருந்தா. பொறவு சொன்னா:

"எனக்கு ரெண்டாவது ஓவர்லயே தெரியும் ஆச்சி."

"என்னது?"

"நான் எப்பவும் குத்துத எடத்துலதான் குத்துதேன். பந்து பேட்டுக்கு முன்னாடியே போயி நிக்குது. அந்த வயசுல எனக்கு அம்புட்டு வேகம் கெடையாது. பிச்சு கொறைச்சல்னு கைக்குத் தெரிஞ்சிட்டு. அம்பயருகிட்ட ஒரு வார்த்தை சொன்னா நிறுத்தியிருப்பாங்க. சொல்லல. ஏழு விக்கெட்டும் தெரிஞ்சேதான் எடுத்தேன்."

"பொறவு என்னய எதுக்குட்டி மூதின்னு வஞ்ச?"

"நீங்க சொல்லிட்டீங்களே, அதான். நான் சொல்லல, நீங்க சொல்லிட்டீங்க. ஒங்க மூஞ்சியப் பாக்க முடியல ஆச்சி, நாலு மாசம்."

சிரிச்சேன் பாருங்க! வயித்தைப் புடிச்சுக்கிட்டு சிரிச்சேன். ரெண்டு கழுதையும் தெரிஞ்சுக்கிட்டே இத்தனை வருசமும் ஒண்ணையொண்ணு பாத்து முழிச்சுக்கிட்டுத் திரிஞ்சிருக்கோம். அவளும் சிரிச்சா, ஒடைஞ்ச பல்லு கட்டுனது ஒரு பக்கம் மின்னுது. கண்ணுல தண்ணியும் வருது. "சாருக்கும் தெரிஞ்சிருக்கும் ஆச்சி. ஒங்களுக்குக் கொறைஞ்ச ரெண்டு பாதமும் தெரிஞ்சிருக்கும், என் கையும் தெரிஞ்சிருக்கும்"னா. அதான் அருவிக்குள்ள அம்புட்டு நேரம் நின்னாரா என்னமோ.

அப்ப மேக்க பாத்தேன். மலை மறைஞ்சிட்டு. மலை மறைஞ்சா, ஒரு வெத்தலை மெல்லுத நேரத்துல சாரல் கிரவுண்டுக்கு வந்துரும். பிளாஸ்டிக் புல்லுக்கு நனைஞ்சா ஒண்ணுமில்லன்னு அந்த மிஷின்காரன் சொல்லிக்கிட்டே நிக்கான்.

"ஏட்டி செக்ரட்டரி, என்னத்தப் பாத்துக்கிட்டு நிக்க? அந்தத் தார்ப்பாய் தலைப்பைப் புடி"ன்னேன்.

"நனையலாம் ஆச்சி, இதுக்கு ஒண்ணும் ஆவாது."

"இதுக்கு ஆவாது. பந்து போட ஓடி வார எடம் மண்ணுதான? புடிட்டி!"

ஓடி வந்து புடிச்சா. நான் ஒரு தலைப்பு, அவ ஒரு தலைப்பு. மலைப்பக்கம் இருந்துதான் விரிச்சோம்.